பெரிய திரையில் 'ட்ரங்கன் மாஸ்டர்': கைகொடுங்கள்

திரைப்பட ஆர்வலர்களுக்கு வணக்கம்.

1978-இல் ஹாங்காங்கில் வெளிவந்த 'ட்ரங்கன் மாஸ்டர்' படத்தை முறையாக உரிமம் பெற்று, தமிழ் சப்டைட்டிலோடு பெரிய திரையில் இலவசமாகத் திரையிட நம் சங்கம் முடிவு செய்திருக்கிறது. அதற்கு உங்கள் நன்கொடையை வேண்டுகிறோம்.

டிவியில் தமிழ் பேசும் ஜாக்கி சானைப் பார்த்து வளர்ந்தவர்கள் நம்மில் பலர். அவரை நட்சத்திரமாக்கிய படங்களில் இது முக்கியமானது. கதைநாயகன் வோங் ஃபெய்-ஹுங், குங்ஃபூ ஆசானாகவும் வைத்தியராகவும் நிஜமாகவே வாழ்ந்தவர். 1949 முதல் நடிகர் க்வான் டாக்-ஹிங் அவரைப் படத்துக்குப் படம் கண்ணியமான பெரியவராகவே நடித்துக் காட்டியிருந்தார். அப்படிப்பட்டவரை வம்பிழுத்துத் திரியும் விடலைப் பையனாக்கியதில்தான் இயக்குநர் யுவென் வூ-பிங்கின் துணிச்சல் தெரிகிறது. அந்தப் பையனை வழிக்குக் கொண்டுவரும் குடிகார ஆசானாக நடித்தவர் இயக்குநரின் அப்பா யுவென் சியு-டியென். படம் வந்த சில மாதங்களில், 1979 ஜனவரியில், அவர் காலமாகிவிட்டார்.

பயிற்சிக் காட்சி ஒன்று. தலைகீழாகத் தொங்கிக்கொண்டே கீழிருக்கும் தண்ணீரைச் சின்னக் கிண்ணங்களில் மொண்டு, உடம்பை மடக்கி எழும்பி, மேலிருக்கும் வாளியில் ஊற்ற வேண்டும். பார்க்கிற நமக்கே வயிறு இழுக்கும், சிரிப்பும் வரும்.

உச்சகட்டச் சண்டை இன்னும் அருமை. சீன மரபுக் கதைகளில் வரும், சாகாவரம் பெற்ற எட்டு அமரர்கள் பெயரில் எட்டு குங்ஃபூ அடவுகள். கடைசி அடவு பெண் அமரருடையது என்பதால் நாயகன் அலட்சியமாகக் கற்காமல் விட்டிருப்பான். வில்லனாக நடித்த ஹுவாங் ஜாங்-லீயின் உதைகள் சரமாரியாக விழும்போது வேறு வழியில்லாமல் அதை அங்கேயே இட்டுக்கட்டி, இடுப்பை நெளித்து, நாணிக் கோணி அடிப்பான். தலைமுதல் கால்வரை உடம்பு முழுக்கத் தெரிய வேண்டிய சண்டை இது. கைபேசித் திரையில் பாதி நகைச்சுவை காணாமல் போய்விடுகிறது. பக்கத்தில் நூறு பேர் சிரிக்க, கூடவே சிரித்துப் பார்க்க வேண்டிய படம்.

பெரிய செலவு உரிமக் கட்டணம்தான். அப்புறம் மண்டப வாடகை, ப்ரொஜெக்டர், ஸ்பீக்கர். சப்டைட்டில் வேலையை உறுப்பினர்களே சம்பளமின்றிச் செய்கிறார்கள். நூறு ரூபாயானாலும் சரி, மகிழ்ச்சியோடு ரசீது தருவோம். வரவு செலவு முழுவதையும் திரையிடலன்று மண்டப வாசலில் ஒட்டுவோம். மிச்சமிருந்தால் அடுத்த திரையிடலுக்குப் போகும்.

படத்தில் குடிக்கும் காட்சிகள் நிறைய உண்டு. பிள்ளைகளை அழைத்து வரும் பெற்றோர் இதைக் கவனத்தில் கொள்ளுங்கள்.

மண்டபத்துக்கு முன்பணம் கட்ட வேண்டியிருப்பதால், இம்மாத இறுதிக்குள் பொருளாளரிடம் தொகையைச் சேர்த்துவிடுங்கள்.

அன்புடன்,
திரையிடல் குழுவினர்