அலி ‘டேய்’ அல்ல, அலி தாயீ

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

நான் பத்திரிகையைப் பின்பக்கத்திலிருந்து படிக்கிறவன். முப்பத்தொரு வருடம் டாக்சி ஓட்டிய பழக்கம் அது. முதலில் விளையாட்டு, அடுத்து மரண அறிவித்தல். அரசியலுக்கு வருவதற்குள் பயணி வந்து கதவைத் திறந்துவிடுவார். இப்போது வீட்டில் உட்கார்ந்திருந்தாலும் அந்த வரிசை மாறவில்லை. அதனால் போன ஞாயிற்றுக்கிழமை உங்கள் பத்திரிகையில் நான் முதலில் பார்த்தது, நாட்டுக்காக அதிக கோல் போட்ட காற்பந்து ஆட்டக்காரர்களின் பட்டியலைத்தான்.

ரொனால்டோவுக்கு அரைப் பக்கம். மெஸ்ஸிக்குக் கால் பக்கம். மூன்றாவது ஆளுக்கு ஒரே ஒரு வரி: “அலி டேய் (ஈரான்), பெரும்பாலும் பலவீனமான ஆசிய அணிகளுக்கு எதிராக.”

அடுப்படியிலிருந்து வந்த என் மனைவி தோளுக்கு மேலே எட்டிப் பார்த்து, “யாரைப் போட்டுத் திட்டியிருக்கிறார்கள்?” என்று கேட்டாள். அவளுக்குக் காற்பந்து தெரியாது. ஆனால் ‘டேய்’ தெரியும்.

அவர் பெயர் தாயீ. ஆங்கில எழுத்தைப் பார்த்து ‘டேய்’ என்று எழுதியிருப்பீர்கள், புரிகிறது. எனக்கும் பத்துப் பன்னிரண்டு வருடம் அவர் ‘டேய்’யாகத்தான் இருந்தார். திருத்தியவன் ஓர் ஈரானியப் பையன். ஸ்கூடாய் பல்கலைக்கழகத்தில் ஒரு காலத்தில் ஈரானிய மாணவர்கள் நிறையப் பேர் படித்தார்கள். வார இறுதியில் என் வண்டியில் ஜொகூர் பாரு டவுனுக்கு வருவார்கள். அவன் என்னை ‘அங்கிள்’ என்று கூப்பிட்டான். காற்பந்துப் பேச்சு வந்ததும் நான் “அலி டேய்” என்றேன். சிரித்துவிட்டு, “எங்கள் பாஷையில் அங்கிள் என்றால்தான் தாயீ” என்றான். எந்த அங்கிள் என்று கேட்டேன். அம்மாவின் அண்ணன் தம்பி மட்டும்தான் தாயீயாம். அப்பாவுடன் பிறந்தவர் ‘அமூ’. வெள்ளைக்காரன் எல்லாரையும் ஒரே அங்கிளில் அடைத்துவிட்டான், நாங்களும் உங்களைப் போலத்தான், தாய்மாமன் வேறு சித்தப்பா வேறு என்று சொன்னேன். ஸ்கூடாயிலிருந்து டவுன் வரை இதே பேச்சுத்தான். ஆகவே ஐயா, நீங்கள் ‘டேய்’ போட்டது ஒரு தாய்மாமனுக்கு.

அந்தப் பையனும் பொறியியல் படிக்க வந்தவன்தான். அவனுக்குத் தாயீயின் கோல்களைவிட அவர் படிப்பின் மேல்தான் பெருமை. வடமேற்கு ஈரானில் அர்தபீல் என்ற ஊர். வீட்டில் பேசுவது பாரசீகம் அல்ல, அஸர்பைஜானித் துருக்கி. 1969-இல் பிறந்தவர். தெஹ்ரானில் ஷரீஃப் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் உலோகவியல் படித்தவர். அங்கே இடம் கிடைப்பது லேசான காரியமில்லை என்று பையன் நாலு தடவை சொன்னான். அவனுக்கு அங்கே கிடைக்கவில்லை போலிருக்கிறது, நான் கேட்கவில்லை.

எனக்குப் பிடித்த செய்தி வேறு. தெஹ்ரானுக்கு வந்த புதிதில் தாயீ ஆடிய குழுவின் பெயர் டாக்சிரானி. தெஹ்ரான் டாக்சிக்காரர்களின் அமைப்புக் குழு! இதைக் கேட்ட அன்று லார்கின் டாக்சி நிறுத்தத்தில் இருந்த எல்லாருக்கும் நான் தே தாரேக் தேநீர் வாங்கிக் கொடுத்தேன். கடைசிக் காலத்தில் அவர் ஆடிய குழுக்களைப் பாருங்கள்: சபா பேட்டரி, அப்புறம் சாய்பா. முதலாவது பேட்டரிக் கம்பெனியின் குழு, இரண்டாவது கார் கம்பெனியின் குழு. டாக்சியில் ஏறி, பேட்டரி மாற்றி, கார் தொழிற்சாலையில் போய் இறங்கியவர் என்று எங்கள் நிறுத்தத்தில் சொல்லிச் சிரிப்போம். சாய்பாவில் அவர் ஆட்டக்காரராகவும் பயிற்றுநராகவும் இருந்து 2007-இல் லீக் கிண்ணத்தை வாங்கிக் கொடுத்துவிட்டுத்தான் காலணியைக் கழற்றினார்.

இவ்வளவு பேசுகிறேனே, நான் அவரை நேரில் பார்த்தவன். பார்த்தது நம் லார்கின் அரங்கத்தில்.

1997 நவம்பர் 16, ஞாயிறு. அடுத்த வருடம் பிரான்சில் நடக்க இருந்த உலகக் கிண்ணத்துக்கு ஆசியாவின் மூன்றாவது இடம் ஜப்பானுக்கா ஈரானுக்கா என்ற ஆட்டம். இரண்டு நாட்டுக்கும் பொதுவான இடம் வேண்டும் என்று ஜொகூர் பாருவுக்குக் கொண்டுவந்தார்கள். பொது இடமாவது! ஜப்பானியர்கள் விமானம் விமானமாக வந்து இறங்கினார்கள். சிங்கப்பூரிலிருந்து பாலத்தைத் தாண்டி ஒரு கூட்டம், சீனாய் விமான நிலையத்திலிருந்து ஒரு கூட்டம். ஊரே நீலமாகிவிட்டது. அன்று காலையிலிருந்து நான் சீனாய்க்கும் லார்கினுக்கும் ஐந்து நடை. ஐந்தாவது நடையில் ஏறிய மூன்று பேரிடம் நான்கு டிக்கெட். நாலாவது ஆளுக்குக் காய்ச்சல், ஒசாகாவிலேயே நின்றுவிட்டானாம். மீதிச் சில்லறை வேண்டாம் என்று சொல்வதற்குப் பதிலாக அந்த டிக்கெட்டை என் கையில் வைத்தார்கள். வண்டியை மாமாக் சாப்பாட்டுக் கடை (தமிழ் முஸ்லிம் கடை) பக்கம் விட்டுவிட்டு, டாக்சிக்காரனின் வெள்ளைச் சட்டையோடு நீலக் கடலுக்குள் போய் உட்கார்ந்தேன்.

முதல் பாதியில் நக்காயாமா போட்டார், ஜப்பான் 1-0. அரங்கம் இடிந்துவிடும் போல இருந்தது. இடைவேளை முடிந்து வந்து நான் கச்சான் பொட்டலத்தைப் பிரிக்கவில்லை, அஸீஸி சமன் செய்துவிட்டார். 59-ஆவது நிமிடம் ஈரானின் மஹ்தவிகியா பந்தைத் தூக்கிப் போட்டார். அப்போது அவருக்கு வயது இருபதுதான். உள்ளே ஜப்பான் தடுப்பாட்டக்காரர்களுக்கு நடுவில் ஒரு மனிதர் எழும்பினார். எழும்பினார் என்றுதான் சொல்ல வேண்டும், குதித்த மாதிரித் தெரியவில்லை. ஆறடி மூன்றங்குல உயரம், அதற்கு மேல் இன்னும் கொஞ்சம் காற்றில் நின்றார். கழுத்தை ஒரு வெட்டு. பந்து வலைக்குள்.

நான் எழுந்து நின்று கத்திவிட்டேன். நீலத்துக்கு நடுவே ஒரே ஒரு வெள்ளைச் சட்டை. சுற்றியிருந்த ஜப்பானியர்கள் திரும்பிப் பார்த்தார்கள். டிக்கெட் கொடுத்த பையன்களின் முகத்தைப் பார்த்ததும் உட்கார்ந்துவிட்டேன். ஓசி டிக்கெட்டில் வந்தவன் செய்கிற காரியமா அது?

மீதிக் கதை எல்லாருக்கும் தெரியும். ஜப்பானின் ஜோ தலையால் முட்டி 2-2. கூடுதல் நேரத்தில் முதல் கோல் போட்டவனுக்கே வெற்றி என்ற விதி அப்போது இருந்தது. 118-ஆவது நிமிடம் நக்காட்டா உதைத்ததை ஈரான் கோல்காவலர் அபெத்ஸாதே தடுத்தார். தெறித்த பந்தைச் சறுக்கிக்கொண்டே வந்து ஒக்கானோ உள்ளே தள்ளினார். அதற்கு முன்னால் எளிதான வாய்ப்புகளைக் கோட்டைவிட்டவர் அவர். ஜப்பான் முதல்முறையாக உலகக் கிண்ணத்துக்குப் போனது. பையன்கள் அழுதார்கள், என்னையும் கட்டிப்பிடித்தார்கள். நான் தோற்ற பக்கத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஆனால் அந்தத் தோல்வியோடு ஈரான் ஊருக்குப் போய்ப் படுத்துவிடவில்லை, தோற்றவருக்கு இன்னொரு வாய்ப்பு இருந்தது. பதின்மூன்றே நாளில் மெல்பர்ன் திடலில் ஆஸ்திரேலியாவிடம் 2-0 என்று பின்தங்கியிருந்து 2-2 ஆக்கி, வெளியூர் கோல் கணக்கில் (இரண்டு ஆட்டத்தையும் கூட்டிச் சமன் என்றால் எதிரியின் ஊரில் அதிக கோல் போட்டவருக்கே வெற்றி) பிரான்சுக்கு டிக்கெட் வாங்கினார்கள். கடைசி கோல் அஸீஸியுடையது. அவருக்கு முன்னால் பந்தை ஓட விட்டது யார்? தாயீதான். அந்தப் பந்து எந்தப் பட்டியலிலும் அவர் கணக்கில் ஏறாது.

இப்போது உங்கள் ‘பலவீனமான ஆசிய அணிகள்’ விஷயத்துக்கு வருகிறேன். பொய் என்று சொல்லமாட்டேன். 1997-இல் மாலத்தீவை 17-0, 2000-இல் குவாமை 19-0 என்று ஈரான் அடித்த காலம் அது. உலகத்திலேயே நாட்டுக்காக நூறாவது கோலை முதலில் தொட்டவர் தாயீ. அதைத் தொட்டது 2004 நவம்பரில் லாவோஸோடு. அன்று ஒரே ஆட்டத்தில் நாலு. லாவோஸ் பலமான அணி என்று யாரிடமும் நான் வாதாடப் போவதில்லை.

ஆனால் 1996 டிசம்பர் 16, துபாய், ஆசியக் கிண்ணக் காலிறுதியையும் சொல்லவேண்டும். எதிரே தென் கொரியா. இடைவேளையில் கொரியா 2-1 முன்னிலை. முடியும்போது ஈரானுக்கு 6-2. அதில் நாலு தாயீயுடையது, நாலும் இரண்டாம் பாதியில். தென் கொரியா எந்தப் பக்கத்திலிருந்து பார்த்தால் பலவீனம்? 1999 செப்டம்பரில் ஐரோப்பியக் குழுக்களின் சாம்பியன்ஸ் லீக். பெர்லினில் ஹெர்த்தா குழுவுக்காகச் செல்சிக்கு எதிராக இரண்டு கோல், 2-1 வெற்றி. அதே மாதம் ஏசி மிலானின் சொந்த அரங்கத்தில் இன்னொன்று, 1-1. செல்சியும் மிலானும் ஆசியாவில் இருக்கிறதா என்று விளையாட்டுப் பகுதித் தம்பியைக் கேளுங்கள்.

மெஸ்ஸி 2022-இல் ஒரே ஆட்டத்தில் ஐந்து கோல் போட்டது எஸ்தோனியாவுக்கு எதிராக. ரொனால்டோ லிதுவேனியாவுக்கு ஒரே இரவில் நாலு போட்டார். லக்ஸம்பர்க் அவருக்கு வாடிக்கையாளர். இருவரும் பெரிய ஆட்டக்காரர்கள், அதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் அவர்கள் பெயருக்குப் பக்கத்தில் ‘பலவீனமான ஐரோப்பிய அணிகளுக்கு எதிராக’ என்று நீங்கள் போடவில்லை. இன்னொன்று. நம் மலேசிய ஆட்டக்காரர், ‘சூப்பர்மோக்’ மொக்தார் டஹாரியின் 89 கோலைப் பற்றி நாம் நெஞ்சை நிமிர்த்திப் பேசுகிறோமே, அவர் யாரோடு ஆடிப் போட்டார்? பிரேசிலோடா? தாயீயைக் குத்தினால் முள் சூப்பர்மோக்கின் காலிலும் ஏறும்.

அவர் குறையும் எனக்குத் தெரியும். 1998, 2006 என்று இரண்டு உலகக் கிண்ணம், ஐந்து ஆட்டம், ஒரு கோல்கூட இல்லை. லியோனில் அமெரிக்காவை 2-1 வென்ற அந்தப் புகழ்பெற்ற இரவில்கூட எஸ்திலியும் மஹ்தவிகியாவும்தான் போட்டார்கள். பாயர்ன் முனிக்கில் ஒரே பருவம். லீக் பட்டம் கிடைத்தது, ஆனால் அங்கே அவர் முதல் தேர்வாக இருக்கவில்லை. 2006-இல் அவருக்கு வயது 37. மெக்ஸிகோ ஆட்டத்தை நான் விடிய விடிய விழித்துப் பார்த்தேன். கால் வரவில்லை. பந்து ஒரு பக்கம் போக, அவர் ஒரு வினாடி கழித்துப் போனார். அந்த வருடம் அவரை வீட்டில் விட்டிருக்க வேண்டும் என்றுதான் நானும் சொல்வேன். என் பழைய ஐஸ்வரா காரை நான் எப்போது விற்றிருக்க வேண்டும் என்று எனக்கும் தெரிந்துதான் இருந்தது. விற்க மனசு வந்ததா?

2021 செப்டம்பரில் அயர்லாந்துக்கு எதிராகக் கடைசி நிமிடங்களில் இரண்டு தலைமுட்டு கோல் போட்டு ரொனால்டோ தாயீயின் 109 கோலைத் தாண்டினார். (சில பட்டியல்களில் இப்போது 108 என்று ஒன்றைக் கழித்திருக்கிறார்கள், நீங்கள் எதைப் போட்டாலும் சண்டை இல்லை.) தாயீ முகம் சுளிக்கவில்லை, ரொனால்டோவை மனதாரப் பாராட்டினார்.

அதற்கு அடுத்த வருடம் நடந்ததையும் உங்கள் பட்டியல் சொல்லவில்லை. மஹ்ஸா அமினி என்ற இளம்பெண் காவலில் இறந்து ஈரான் கொதித்தபோது இவர் மக்கள் பக்கம் நின்றார். கட்டார் உலகக் கிண்ணத்துக்கு அழைப்பு வந்தும் போகவில்லை. தெஹ்ரானில் அவருடைய உணவகத்தையும் நகைக்கடையையும் மூடி முத்திரை வைத்தார்கள். டிசம்பரில் அவர் மனைவியும் மகளும் துபாய்க்குப் போன விமானத்தை நடுவழியில் கிஷ் தீவில் இறக்கி, அவர்களை வெளியே அழைத்துக்கொண்டார்கள். நாட்டுக்காக நூறு கோல் போட்டவனின் வீட்டுப் பெண்களுக்கு அந்த நாடு கொடுத்த மரியாதை இது.

நான் கேட்பது மூன்று. பெயரைத் தாயீ என்று திருத்தி ஒரு வரி போடுங்கள். அந்தப் ‘பலவீனமான’ வரியை எடுத்துவிடுங்கள், அல்லது மூன்று பேருக்கும் போடுங்கள். மூன்றாவது, படம். நீங்கள் தாயீ என்று போட்டிருக்கும் படத்தில் இருப்பவர் மஹ்தவிகியா. பந்தைத் தூக்கிக் கொடுத்தவர் அவர், போட்டவர் இவர்.

லார்கின் டிக்கெட்டின் பாதித் துண்டு என்னிடம் பத்திரமாக இருக்கிறது. செய்தியோடு போட வேண்டுமென்றால் உங்கள் ஆள் யாராவது வீட்டுக்கு வந்து படம் பிடித்துக்கொள்ளலாம், தேநீர் தருகிறேன். தபாலில் மட்டும் அனுப்பமாட்டேன். தீபாவளி மலருக்கு முன்பு ஒருமுறை அனுப்பிய எங்கள் கல்யாணப் படம் இன்னும் திரும்பி வரவில்லை.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற டாக்சிக்காரன்,
ஜொகூர் பாரு
(பெயரும் முகவரியும் தனித்தாளில் இணைத்திருக்கிறேன்.)