160 நாள், 7,680 படம்: மாப்பிள்ளைச் சம்பா வயலுக்கு ஒரு நன்றி மடல்

திருத்துறைப்பூண்டி பக்கத்து வயல்காரர்களுக்கும், மாப்பிள்ளைச் சம்பா நெல் விதைப்பிலிருந்து அறுப்புவரை வளர்வதைச் சில நிமிடத்தில் காட்டும் எங்கள் டைம்லாப்ஸ் படத்துக்குக் கைகொடுத்த எல்லோருக்கும் வணக்கம்.

ஆடிக் கடைசியில் காய்ந்த மண்ணில் புழுதி விதைப்பு, தையில் அறுப்பு. இடையில் கால் மணிக்கு ஒரு புகைப்படம். காலை 6 முதல் மாலை 5.45 வரை நாளுக்கு 48. மொத்தம் 7,680. வினாடிக்கு 24 வீதம் ஓட்டினால் 5 நிமிடம் 20 வினாடி. நடுவில் கேமரா நிற்கும் கம்பம் அரை அங்குலம் அசைந்தாலும் திரையில் வயலே குதிக்கும்.

முதல் நன்றி விதை கொடுத்த ஐயாவுக்கு. பாரம்பரிய நெல் விதைகளை மீட்டுப் பரப்பிய நெல் ஜெயராமன் நடத்திய நெல் திருவிழாவில் 2 கிலோ வாங்கினால் மறு வருஷம் 4 கிலோ திருப்பித் தரவேண்டும் என்பது கணக்கு. அப்படி வாங்கிப் பெருக்கிய விதை இது. கேமராவுக்கு மூன்றடி உயரம் போதும் என்ற திட்டத்தையும் அந்த விதை ஐயாதான் தடுத்தார்: "இது ஆள் உசரம் போவும் தம்பி, கதிரு வர்றப்ப கேமரா பயிருக்குள்ள கெடக்கும்." கம்பம் ஏழடி ஆனது.

வரப்பில் நட வேண்டாம், நண்டு வளை இருக்கும் என்றவர் கொத்தனார். களிமண் காய்ந்தால் வெடிக்கும், நனைந்தால் உப்பும். மேல்மண்ணில் நிற்கும் எதுவும் சாயும். வெடிப்பு இறங்காத ஆழம்வரை தோண்டி, தண்ணீர் வருமுன் வயல் மூலையில் கான்கிரீட் போட்டுக் கொடுத்தார்.

கேமரா வடக்கே பார்த்தால் ஆவணிக்குப் பிறகு வெயில் முகத்தில் அடிக்காது. ஆனால் ஐப்பசி மழை வடகிழக்கிலிருந்தே வந்து கண்ணாடியில் அறையும். நாலு அங்குல பிவிசி குழாயைச் சாய்வாக அறுத்து மேல்பக்கம் மூக்கு வைத்த பிளம்பர் அண்ணனுக்கு நன்றி.

மார்கழிப் பனிக்கு மூக்கு உதவாது. ரேடியோ ரிப்பேர் கடைக்காரர் மின்சாரம் பாய்ந்தால் சூடேறும் 47 ஓம், 5 வாட் ரெசிஸ்டர் ஒன்றைக் கண்ணாடி விளிம்பில் ஒட்டி 12 வோல்ட் பேட்டரியில் கொடுத்தார். மூன்று வாட் சூடுதான். விடியற்காலை 4 முதல் 8 வரை ஓடினால் பனி படியாது. கேமரா தானே நிறத்தைச் சரிசெய்யும் ஆட்டோ வொயிட் பேலன்ஸை அணைக்கச் சொன்ன, படத்துக்கு நிறம் சீராக்கும் கலரிஸ்ட்டுக்கும் கடன்பட்டிருக்கிறோம். சட்டகம் முழுக்கப் பச்சை என்றால் கேமரா அதைப் பிழை என்று எண்ணித் திருத்தும். நல்ல பயிர் வெளுத்துத் தெரியும்.

நெல் பூக்கும் காட்சி களையெடுக்கும் அக்காக்களால் கிடைத்தது. கால் மணி இடைவெளி இதற்கு ஆகாது. ஐந்து வினாடிக்கு ஒன்று வேண்டும். முற்பகலில் உமி இரண்டாகப் பிளந்து, ஆறு மகரந்தப் பைகள் வெளியே தொங்கி, சுமார் ஒரு மணி நேரத்தில் மூடிக்கொள்ளும். இலேசான காற்றே இந்த மேக்ரோவை, அதாவது மிக நெருங்கி எடுக்கும் காட்சியை, கெடுத்துவிடும். கதிருக்குக் கீழே தண்டை மூங்கில் சிம்பில் வாழைநாரால் தளரக் கட்டி, காற்று வரும் பக்கம் பழைய வேட்டியைப் பிடித்து நின்றார்கள். கைவலி அவர்களுக்கு, பெயர் படத்துக்கு!

கோடை உழவுக்குமுன் கம்பத்தையும் கான்கிரீட் கட்டியையும் பெயர்த்து எடுத்துவிடுவோம். மண்ணைக் கிளறும் ரோட்டவேட்டரின் பிளேடு அதில் பட்டால் உடையும் என்று டிராக்டர் ஓட்டும் தம்பி இரண்டு தடவை சொல்லிவிட்டார்.

நன்றியுடன்,
படக்குழு