குரல் அனுப்பாத மகளுக்கு

அன்புள்ள பிள்ளைக்கு,

பெட்டி வந்து சேர்ந்திருக்கும். மிளகாய்த்தூள் தனியாகக் கட்டியிருக்கிறேன். வேர்க்கொம்பும் மல்லியும் மற்றப் பொட்டலத்தில். மாமியின் அலுவல் இன்னும் முடியவில்லை, அதை எழுதத் தொடங்கினால் கடதாசி காணாது. அண்ணா வீடு மாறிவிட்டான். இங்கத்தைய புதினம் இவ்வளவுதான்.

உன் நாடகத்தைப் பற்றிப் பத்திரிகையில் வந்ததை மாமா ஊருக்கெல்லாம் அனுப்பிவிட்டார். சந்தோசம்தான். ஆனால் முந்தியெல்லாம் நீ கதைத்துத்தான் அனுப்புவாய், ரைப் பண்ணப் பஞ்சி என்பாய். இப்போது எல்லாம் எழுத்தில் வருகிறது, அதுவும் இரண்டு சொல்லில். வேலை கூடவாக்கும். வின்னிபெக்கில் இந்த மாதம் ஹீற்றர் நிற்காமல் ஓடும், அறைக் காற்றில் ஈரமே இராது. ஈரப்பதன் நாற்பது சதவீதத்துக்குக் கீழே போகாமல் பார்த்துக்கொள். அதை அளக்கிற சின்ன மீற்றர் ஹார்ட்வெயார் கடையில் கிடைக்கும்.

கனடா நடிகர் கிறிஸ்தோபர் பிளம்மரைப் பற்றி உனக்கு ஒன்று சொல்ல வேண்டும். நீ அவரைப் பெரிய மனிதராகவே பார்த்தவள், ஒஸ்கார் வாங்கிய கிழவராக. நான் சொல்வது 1956ஆம் ஆண்டுக் கதை. அப்போது அவருக்கு 26 வயது. நாடகப் பள்ளிக்கூடம் ஒன்றுக்கும் போகாதவர். மொன்றியலில் தொடங்கி, ஒட்டாவாவில் கிழமைக்கு ஒரு நாடகம் போடுகிற குழுவில் உழைத்து வந்தவர். ஒன்ராறியோவில் இருக்கிற ஸ்ட்ராட்ஃபோர்ட் நாடக விழாவில், மைக்கல் லாங்கமின் இயக்கத்தில், ஷேக்ஸ்பியரின் 'ஐந்தாம் ஹென்றி'யில் ராசா வேடம் அவருக்குக் கிடைத்தது. பிரெஞ்சு அரசவை ஆட்களாக மொன்றியலின் பிரெஞ்சு நடிகர்களையே போட்ட நாடகம் அது. அப்போது அங்கே கட்டிடம் இல்லை, கூடாரம்தான். மழை பெய்தால் கன்வஸ் சத்தம், ரயில் போனால் அந்தச் சத்தம். மைக் கிடையாது. பார்ப்பவர்கள் மூன்று பக்கமும் சுற்றி இருப்பார்கள். எந்தப் பக்கம் திரும்பினாலும் யாருக்கோ முதுகு காட்டித்தான் ஆகவேண்டும். அந்த மேடையில் தொண்டையால் கத்துகிறவன் இரண்டு கிழமையில் முடிந்துபோவான். மெய்யெழுத்தை, அதிலும் சொல்லின் கடைசி எழுத்தை, விழுங்காமல் சொல்கிறவன்தான் நிற்பான். இது உனக்கும்தான். அரங்கம் பெரிதாக இருந்தால் சத்தத்தைக் கூட்டாதே, உச்சரிப்பைக் கூர்மையாக்கு.

அந்த நாடகம் ஓடிக்கொண்டிருக்கும்போது பிளம்மருக்குச் சிறுநீரகக் கல். ஆசுபத்திரிக்குப் போய்விட்டார். அவருக்கு மாற்றாக நின்றவர் வில்லியம் ஷட்னர். மக்கில் பல்கலைக்கழகத்தில் வணிகம் படித்துவிட்டு வந்த மொன்றியல் பொடியன், அதே நாடகத்தில் ஒரு சின்னப் பாத்திரம் செய்துகொண்டிருந்தவர். ஒழுங்கான ஒத்திகைகூட இல்லாமல் அன்றிரவு ராசாவாக ஏறினார். பிளம்மர் செய்ததைப் பார்த்துச் செய்யாமல் தன் பாட்டில் செய்தார், நன்றாகவும் செய்தார். அதனால் பிளம்மருக்கு என்ன குறைந்தது? கல்லுக்கு வைத்தியம் பார்த்துத் திரும்பினார். அதே கோடையில் அந்தக் குழு எடின்பரோ விழாவுக்குப் போனது. அடுத்த வருடம் ஸ்ட்ராட்ஃபோர்டில் நிரந்தரக் கட்டிடம் திறந்தபோது ஹம்லெற் அவர்தான். 72 வயதில் அங்கேயே லியர் ராசா, 80 வயதில் அங்கேயே 'த ரெம்பெஸ்ற்' நாடகத்தின் ப்ரொஸ்பெரோ. ஒஸ்கார் கிடைத்தபோது வயது 82. 2017இல், முடிந்துவிட்ட படமொன்றில் வேறொருவர் நடித்த பாத்திரத்தை ஒன்பதே நாளில் திரும்ப நடித்துக் கொடுத்து, 88 வயதில் இன்னொரு தரம் ஒஸ்காருக்குப் பரிந்துரைக்கப்பட்டார். ஒரு இரவு இன்னொருத்தரிடம் விட்டுக்கொடுத்ததால் ஒன்றும் போகவில்லை.

உனக்கு மாற்றாக நிற்கிற பிள்ளையும் வசனம் முழுக்கப் பாடமாக்கி வைத்திருப்பாள்தானே. ஒருநாள் அவளை ஏற விடுவதென்றால் ஸ்டேஜ் மனேஜருக்கு மத்தியானத்துக்கு முன்னம் சொல்லிவிட வேண்டும். கடைசி அரைமணியில் சொன்னால் உடுப்பை அவளின் அளவுக்குப் பிடிக்க நேரம் இராது. வாள்ச்சண்டைக் காட்சியை மற்ற நடிகரோடு ஒருக்கால் மெதுவாகச் செய்து பார்க்கவும் முடியாது. அடி படுகிறது அப்படித்தான். பிந்திச் சொல்வதுதான் பிழை. சொல்வதில் ஒரு பிழையும் இல்லை. நீ சின்னனிலிருந்தே காய்ச்சலோடு பள்ளிக்கூடம் போகிற ஆள், அதனால்தான் எழுதுகிறேன்.

குரலுக்கு வருவோம். தண்ணீர் குடித்தால் அது நேரே குரல்நாணில் படுவதில்லை, உடம்பு முழுக்கச் சுற்றித்தான் அங்கே போகும், மணிக்கணக்காகும். ஆனபடியால் மேடைக்குப் பின்னால் போத்தலோடு நிற்பதில் பெரிதாக ஒன்றுமில்லை, காலையிலிருந்தே குடி. நேரே போய்ப் படுவது ஆவி ஒன்றுதான். சித்தாலேப தைலம் ஒன்றும் போடாமல் வெறும் சுடுதண்ணி ஆவி, பத்து நிமிடம். தொண்டையைச் செருமாதே. செருமும்போது நாண் இரண்டும் ஒன்றோடொன்று அறைகிறது, வீங்குகிறது, வீக்கம் சளி போலத் தெரிகிறது, திரும்பச் செருமச் சொல்கிறது. ஒரு மிடறு குடித்து விழுங்கு. குசுகுசுத்துக் கதைப்பதும் ஓய்வில்லை, பலருக்கு அது இன்னும் இறுக்கம்.

சூடுபிடிக்க ஸ்ட்ரோ நல்லது. கிளாசில் பாதித் தண்ணீர், ஸ்ட்ரோவை ஓர் அங்குலம் உள்ளே விட்டு, 'ஊ' என்று சத்தத்தோடு மெல்லக் குமிழி விடு. கீழ்ச்சுருதியில் தொடங்கி மேலே போய் இறங்கு, இரண்டு மூன்று நிமிடம் போதும். வாய்க்குள் திரும்பித் தள்ளுகிற காற்று நாண்களைக் கொஞ்சம் விலக்கிப் பிடிக்கும், பலமாக மோதாது. தண்ணீர் தெறித்தால் மிதமிஞ்சி ஊதுகிறாய் என்று அர்த்தம். வலித்தால் நிற்பாட்டு.

காட்சி முடிந்து பதினொரு மணிக்குச் சாப்பிட்டுவிட்டு உடனே படுப்பதையும் நிற்பாட்டு. அமிலம் மேலே வந்து இரவு முழுக்க நாணைச் சுடும், காலையில் குரல் அடைத்திருக்கும். நாடகத்துக்கு முன்னம் நாலு, ஐந்து மணிக்கு வயிறாரச் சாப்பிடு, பிறகு கஞ்சி மாதிரி ஏதும் போதும். பியர் வேண்டாம். பிளம்மர் இளமையில் குடித்ததை ஒளிக்காமல் எழுதியவர்தான், அதற்காக அதையா அவரிடம் படிப்பாய்.

அவருடைய மகள் அமண்டாவும் நடிகை, 1982இல் அமெரிக்க மேடை நாடகத்துக்குக் கொடுக்கிற ரோனி விருது எடுத்தவள். தகப்பன் அருகில் இருக்கவில்லை, தாய் தமி கிறைம்ஸ்தான் வளர்த்தாள். தாயும் ரோனி வாங்கிய நடிகைதான். தாய்மாருக்கு விளங்காது என்று நினைக்காதே.

இன்னொன்று. 1965இல் வந்த 'த சவுண்ட் ஒஃப் மியூசிக்' படத்துக்குப் பிளம்மர் பாடிப் பதிவும் செய்தார். ஆனால் பாட்டுகளில் கேட்பது பாடகர் பில் லீயின் குரல். அதோடு பாட்டை விட்டாரா? 1973இல் நியூயோர்க் பிராட்வேயில் 'சிரானோ' என்ற பாட்டு நாடகத்தில் சிரானோவாகப் பாடி நடித்தார், அடுத்த வருடம் ரோனி.

சாதாரண ஆட்கள் குரல் கம்மினால் நாலு கிழமை பொறுக்கலாம். குரலால் பிழைக்கிறவர்கள் அவ்வளவு பொறுக்கக்கூடாது. ஒரு கத்தலோடு திடீரென்று போனதென்றால் ஒரு நாளும் பொறுக்கக்கூடாது. அது நாணில் இரத்தக்குழாய் வெடித்ததாக இருக்கலாம். அப்போது ஒரு சொல்லும் பேசாதே, மருந்தென்று அஸ்பிரினோ ஐபுப்ரூஃபனோ நீயாக எடுக்காதே, இரத்தம் கூடக் கசியும். வைத்தியர் தொண்டைக்குள் கமெராவை விட்டு நாணைப் பார்க்க முன்னம் ஒரு காட்சிக்காக ஸ்டீரொயிட் மருந்து கேட்டு வாங்காதே. வீக்கம் வற்றிக் குரல் வந்த மாதிரி இருக்கும், காயத்தின் மேலேயே கத்துவாய்.

தொண்டை நிபுணரிடம் நேரே போக முடியாது, ரெஃபரல், அதாவது இன்னொரு வைத்தியர் எழுதித் தருகிற கடிதம், வேண்டும். குடும்ப வைத்தியர் இல்லாவிட்டால் முன்பதிவு இல்லாமல் போகிற வோக்-இன் கிளினிக்கில் கேள். நீ மேடை நடிகை, கிழமைக்கு எட்டுக் காட்சி என்று சொல்லி எழுதுவி, சில இடங்களில் அதைப் பார்த்து முன்னுக்குத் திகதி கொடுப்பார்கள். எத்தனை நாளாக இப்படி, எந்தச் சுருதியில் உடைகிறது, காலையிலா இரவிலா என்று ஒரு துண்டில் எழுதிக்கொண்டு போ.

எனக்குப் போன் எடுக்காதே. எடுத்தால் கதைப்பாய். திகதி கிடைத்ததும் அதை மட்டும் ரைப் பண்ணி அனுப்பு. பஸ் காசு பெட்டியில், மல்லிப் பொட்டலத்துக்குள்.

அம்மா