அறுபத்தொரு வயது வரை ஒரு தவணை

அன்புள்ள மாப்ளே,

உன் கடிதம் கிடைத்தது. அம்மாவுக்குக் கண்புரை அறுவை நல்லபடியாக முடிந்தது என்று படித்ததும்தான் நிம்மதி. பெரியவள் பிளஸ் டூ வந்துவிட்டாளா? அவள் காதுகுத்து இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது. இங்கே எல்லோரும் சௌக்கியம். ஆபீஸ் ஒரகடம் பக்கம் மாறியதில் போய்வரும் நேரம்தான் கூடிவிட்டது.

வீட்டு விஷயத்துக்கு வருகிறேன். திருவெறும்பூர் பக்கம் தனி வீடு, அறுபத்திரண்டரை லட்சம், அதில் ஐம்பது லட்சம் லோன், எட்டரை சதவீதம், இருபது வருடம், மாதம் 43,391 ரூபாய். "கட்டிவிடலாம்டா" என்று எழுதியிருக்கிறாய். கட்டிவிடுவாய், அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் நீ அனுப்பிய தாளில் ஏஜென்ட் பேனாவால் வட்டம் போட்டிருப்பது அந்த 43,391-ஐ மட்டும்தான். மற்ற எண்களை நான் எக்ஸெல்லில் போட்டுப் பார்த்தேன்.

முதல் மாதத் தவணையில் வட்டி 35,417 ரூபாய். அசலில் கழிவது 7,974. இதில் மோசடி எதுவும் இல்லை. பாக்கி அதிகமாக இருக்கும்போது வட்டியும் அதிகமாகத்தான் இருக்கும். ஆனால் இந்த விகிதம் திரும்புவதற்கு எவ்வளவு காலம் பிடிக்கிறது என்று பார். தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டக் கிட்டத்தட்ட 12 வருடம் ஆகிறது. ஐந்து வருடம் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டினால் மொத்தம் 26 லட்சம் கட்டியிருப்பாய். பாக்கி 44 லட்சத்துக்கு மேல் நிற்கும். பத்து வருடத்தில், அதாவது பாதிக் காலத்தில், 52 லட்சம் கட்டியிருப்பாய். பாக்கி 35 லட்சம். இருபது வருடமும் முடிந்தால் மொத்தம் 1 கோடியே 4 லட்சம் சொச்சம், அதில் வட்டி மட்டும் 54 லட்சம்.

இந்தக் கடைசி எண்ணைத்தான் எல்லோரும் காட்டிப் பயமுறுத்துவார்கள். "ஒரு வீட்டுக்கு ரெண்டு வீட்டு விலை" என்பார்கள். எனக்கு அதில் முழு உடன்பாடில்லை. பணவீக்கம் ஆண்டுக்கு 5 சதவீதம் என்று வைத்துக்கொண்டால், இருபதாவது வருடக் கடைசியில் நீ கட்டும் 43,391 இன்றைய மதிப்பில் பதினாறாயிரத்துச் சொச்சம்தான். சம்பளமும் அதற்குள் ஏறியிருக்கும். நீ இப்போது கொடுக்கும் 14,000 வாடகையும் அப்படியே நிற்கப் போவதில்லை. ஆகவே அந்த ஒரு கோடியை நினைத்துத் தூக்கம் கெட வேண்டாம். நீ பார்க்க வேண்டியது ஐந்தாம் வருட எண்ணை. அதற்குள் உனக்கு வேலை மாறினால், பிள்ளை படிப்புக்கு வீட்டை விற்க நேர்ந்தால், விற்ற காசில் 44 லட்சத்தைக் கடன் கொடுத்தவர்களுக்குக் கொடுத்துவிட்டுத்தான் மீதி உன் கைக்கு வரும். ஐந்து வருடத்தில் வீட்டில் உன் பங்கு ஆறு லட்சம்தான் கூடியிருக்கும். இதைத் தெரிந்துகொண்டு இறங்கு.

இன்னொன்று. உன் மனைவி, எனக்குத் தங்கச்சி, அவளும் வேலையில் இருப்பதால் அவளையும் கடனில் சேர்த்து 25 வருடமாக்கினால் தவணை குறையும் என்று ஏஜென்ட் சொன்னதாக எழுதியிருக்கிறாய். குறையும்தான். 40,261 ஆகும். மாதம் மூவாயிரத்துச் சொச்சம் மிச்சம். அந்த மிச்சத்துக்கு நீ கொடுக்கும் கூடுதல் வட்டி 16 லட்சத்துக்கு மேல். மாப்ளே, உனக்கு இப்போது 41. இருபது வருடம் என்றாலே 61 ஆகிறது. உன் கம்பெனியில் 58-ல் அனுப்பிவிடுவார்கள் என்று நீதானே சொன்னாய்? கடைசி மூன்று வருடத் தவணை எந்தச் சம்பளத்திலிருந்து வரும்? அதை விட்டுவிட்டு 66 வயதுக்கு நீட்டச் சொல்கிறார் அந்த மனிதர்.

இனி வட்டி விகிதம். எட்டரை என்பது இன்றைய விகிதம், அவ்வளவுதான். என் சித்தி மகன் கதையைக் கேள். 2021-ல் அவன் ஐம்பது லட்சம் வாங்கியபோது 6.7 சதவீதம். தவணை 37,870. எல்லோரும் அவனை அதிர்ஷ்டக்காரன் என்றோம். 2022 மே மாதம் ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை, அதாவது மற்ற வங்கிகளுக்கு அது கடன் தரும் வட்டியை, ஏற்ற ஆரம்பித்தது. 4 சதவீதமாக இருந்தது 2023 பிப்ரவரிக்குள் ஆறரை ஆகிவிட்டது. அவன் கடன் ரெப்போவோடு கட்டியது, அதனால் 6.7 அப்படியே 9.2 ஆனது. ஆனால் கணக்கிலிருந்து மாதாமாதம் போனது அதே 37,870. அதனால் அவன் கவனிக்கவே இல்லை. ஸ்டேட்மென்டை வாங்கிப் பார்த்தால் பாக்கி நாற்பத்தெட்டரை லட்சம், அதற்கு ஒரு மாத வட்டி 37,183. அசலில் கழிந்தது 687 ரூபாய். ஆமாம், அறுநூற்று எண்பத்தேழு. அந்த வேகத்தில் போனால் கடன் தீர இன்னும் நாற்பது வருடத்துக்கு மேல். பழைய கெடுவிலேயே முடிக்க வேண்டுமானால் தவணையை 45,500-க்கு மேல் ஏற்ற வேண்டியிருந்தது. ஏற்றினான், இரண்டு வருடம் திணறினான்.

இப்படி நிறையப் பேருக்கு நடந்த பிறகுதான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை போட்டது. வட்டி ஏறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும் என்று. விதி இருக்கிறது. ஆனால் வங்கி அனுப்பும் குறுஞ்செய்தியைப் படித்துப் பதில் சொல்வது நம் வேலை. வருடத்துக்கு ஒரு முறையாவது பாக்கி எவ்வளவு, இன்னும் எத்தனை மாதம் என்ற இரண்டையும் எடுத்துப் பார்.

உன் விஷயத்தில் இன்னொரு சிக்கல். நீ போயிருப்பது வங்கிக்கு இல்லை, வீட்டு வசதி நிதி நிறுவனத்துக்கு. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிதாகக் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடனை ரெப்போ மாதிரி வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும், மூன்று மாதத்துக்கு ஒரு முறையாவது விகிதத்தைத் திருத்த வேண்டும். நிதி நிறுவனங்களுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. அவர்களே வைத்திருக்கும் அடிப்படை விகிதம்தான். 2025-ல் ரெப்போ ஆறரையிலிருந்து 5.25 வரை இறங்கியது. வங்கியில் ரெப்போவோடு இணைத்த கடன் வைத்திருந்தவர்களுக்கு அது தானாக வந்து சேர்ந்தது. நிறுவனங்களில் வைத்திருப்பவர்கள் பலர் இன்னும் கடிதம் எழுதிக்கொண்டிருக்கிறார்கள். ஆவணம் கொஞ்சம் முன்னே பின்னே இருந்தாலும் சீக்கிரம் கொடுப்பார்கள் என்பதற்காக அங்கே போனாய் என்று புரிகிறது. உன் சம்பளச் சீட்டுக்கும் சிபில் மதிப்பெண்ணுக்கும் (பழைய கடன்களை ஒழுங்காகக் கட்டியதைக் காட்டும் மதிப்பெண்) அந்த அவசரம் தேவையில்லை. ஏழரை சதவீதத்தில் வங்கியில் கிடைத்தால் இருபது வருட வட்டியில் ஏழரை லட்சம் குறையும். அதைவிட நல்லது, ஏழரையில் வாங்கிக்கொண்டு அதே 43,391-ஐக் கட்டு. பதினேழே வருடத்தில் முடிந்துவிடும். 58 வயது, கணக்குச் சரி!

வரி மிச்சமாகும் என்று எழுதியிருந்தாய். நீ பழைய கணக்கில் பேசுகிறாய். குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு இரண்டு லட்சம் வரை கழிவு என்பது பழைய வரி முறையில்தான். புதிய முறையில் அது கிடையாது. பழைய முறையிலேயே இருந்தாலும் உன் முதல் வருட வட்டி நாலேகால் லட்சம் பக்கம் வரும், கழிவு இரண்டோடு நின்றுவிடும். ஆடிட்டரிடம் இரண்டு முறையிலும் போட்டுப் பார்க்கச் சொல்.

கைக்காசுக் கணக்கையும் நீ குறைத்துப் போட்டிருக்கிறாய். 30 லட்சத்திலிருந்து 75 லட்சம் வரையான கடனுக்கு வீட்டு விலையில் 80 சதவீதம்தான் உச்சவரம்பு, அதனால் பன்னிரண்டரை லட்சம் உன்னுடையது. அது சரி. பத்திரப்பதிவுச் செலவை வீட்டு விலையோடு சேர்க்க மாட்டார்கள். முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம். பத்திரத்தில் முழு விலையையும் காட்டினால் 5,62,500. பதினெட்டு லட்சம் தாண்டிவிட்டதா? இதற்கு மேல் மூலப்பத்திரத்தை அடமானமாக ஒப்படைக்கும் ஆவணத்துக்குத் தனித் தீர்வை, வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டாளர், செயல்முறைக் கட்டணம். தங்கச்சி நகையை வைத்துச் சமாளிக்கலாம் என்று ஒரு வரி எழுதியிருக்கிறாயே, அதை அடித்துவிடு. நகைக் கடனுக்கும் வட்டி உண்டு, அதையும் வீட்டுக் கணக்கில்தான் எழுத வேண்டும். ஆறு மாதம் தள்ளிப்போட்டுப் பணத்தைச் சேர், அல்லது ஐம்பத்தைந்து லட்சத்துக்குள் ஒரு வீடு பார்.

தாளின் அடியில் "பாதுகாப்புத் திட்டம் 1,50,000" என்று ஒன்று இருக்கிறது, கவனித்தாயா? அது ஒற்றைப் பிரீமியம் காப்பீடு. அதையும் கடனோடு சேர்த்துவிட்டால் இருபது வருடத்தில் மூன்று லட்சத்துக்கு மேல் கட்டுவாய். உனக்கு ஆயுள் காப்பீடு அவசியம் வேண்டும், இவ்வளவு கடனைத் தலையில் வைத்துக்கொண்டு இல்லாமல் இருக்கக் கூடாது. ஆனால் அதை அவர்களிடமே வாங்கியாக வேண்டும் என்று யாரும் கட்டாயப்படுத்த முடியாது. தனியாக ஒரு டேர்ம் பாலிசி, அதாவது குறிப்பிட்ட காலத்துக்கு உயிருக்கு மட்டுமான காப்பீடு, எடு.

கடன் வாங்கியே தீருவது என்றால் ஒரே ஒரு வழிதான் எனக்குப் பிடித்தது. சம்பளம் ஏறும்போதெல்லாம் தவணையையும் ஏற்று. அதே எட்டரையில், வருடத்துக்கு 5 சதவீதம் தவணையைக் கூட்டிக்கொண்டே போனால் இருபது வருடக் கடன் பன்னிரண்டே கால் வருடத்தில் தீர்கிறது. பன்னிரண்டாம் வருடம் தவணை 74,000 பக்கம் வரும், அது பிள்ளைகள் கல்லூரி படிக்கும் காலத்தோடு மோதும், அதனால் உன்னால் முழுக்க முடியாமல் போகலாம். அப்போது போனஸ் வரும் மாதத்தில் வருடத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டு. அதற்கே மூன்று வருடத்துக்கு மேல் குறையும், வட்டியில் சுமார் பத்து லட்சம் மிஞ்சும். தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டியே கட்டினால் அபராதம் கிடையாது. கட்டும்போது "காலத்தைக் குறையுங்கள், தவணையைக் குறைக்க வேண்டாம்" என்று எழுத்தில் கொடு. சொல்லாவிட்டால் தவணையைக் குறைத்துவிட்டு, உனக்கு நல்லது செய்ததாக நினைத்துக்கொள்வார்கள்.

எங்கள் அப்பா கூட்டுறவு வீட்டு வசதிச் சங்கத்தில் வாங்கிய கடன் உனக்கு ஞாபகமிருக்கும், நீயும் என்னோடு சைக்கிளில் தவணை கட்ட வந்திருக்கிறாய். கடன் தீர்ந்த பிறகு பத்திரத்தை வாங்க அவர் எத்தனை நடை நடந்தார்! இப்போது அந்த நிலை மாறியிருக்கிறது. முழுக்கக் கட்டி முடித்த 30 நாளைக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், அவர்கள் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு. 2023 டிசம்பரிலிருந்து இந்த விதி நடைமுறையில் இருக்கிறது. பத்திரம் கைக்கு வந்ததோடு விட்டுவிடாதே. சார்பதிவாளர் அலுவலகத்தில் கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணம் பதிந்தால்தான் வில்லங்கச் சான்றில் அடமானம் நீங்கியதாகக் காட்டும். அதற்கு இன்னும் காலமிருக்கிறது என்றாலும், நீ வாங்கப் போகும் வீட்டின் சொந்தக்காரர் அதைச் செய்திருக்கிறாரா என்று இப்போதே பார். 2009-ல் அவர் லோன் வாங்கியதாக எழுதியிருந்தாய். முப்பது வருட வில்லங்கம் போட்டுப் பார்க்காமல் அட்வான்ஸ் கொடுக்காதே.

நிறுவனத்திடம் முக்கிய விவர அறிக்கையைக் கேள். 2024 அக்டோபரிலிருந்து கடன் தருபவர்கள் அதைக் கொடுத்தாக வேண்டும். எல்லாக் கட்டணத்தையும் சேர்த்த ஆண்டு விகிதம் அதில் தனியாக இருக்கும். அந்த விகிதம் எட்டரையைவிட எவ்வளவு கூடுதலாக இருக்கிறது என்று பார்த்து எனக்குச் சொல். அப்படியே உங்கள் ஊரில் இரண்டு வங்கிக் கிளையிலும் கேட்டு வை. பொங்கலுக்கு ஊருக்கு வருகிறேன், மூன்று தாளையும் விரித்து வைத்து ஒரு மத்தியானம் உட்காரலாம். வீட்டுக்காரரிடம் தை பிறந்ததும் பேசிக்கொள்ளலாம் என்று சொல்லிவிடு. அவருக்கு அவசரமென்றால் விலையை இன்னும் இரண்டு லட்சம் குறைக்கச் சொல்.

அம்மாவையும் தங்கச்சியையும் விசாரித்ததாகச் சொல்.

உன்
அறைத்தோழன்