படம் கீற முன் எங்களையும் கேளுங்கள்

மதிப்புக்குரிய ஐயா, அம்மா,

யாழ்ப்பாணத்தில் பொதுக் கட்டடங்களுக்குத் திட்டம் போட்டு, வரைபடங்களுக்கு அனுமதி கொடுக்கும் உங்கள் எல்லோருக்கும் இந்த மடல்.

போன செவ்வாய்க்கிழமை அப்பாவை உங்கள் புது அலுவலகக் கட்டடத்துக்குக் கூட்டி வந்தேன். வயது 71. மிதிவெடியில் ஒரு காலை இழந்தவர். முகப்பில் சாய்தளம் போட்டிருக்கிறீர்கள். அதில் ஏறி முடிய, வாசலில் அரை அடி உயரத்துக்கு ஒரு படி. அவர் போகவேண்டிய கொடுப்பனவுப் பிரிவு மேல்மாடியில். லிப்டுக்கு இடம் விட்டிருக்கிறது, லிப்ட் இல்லை. 22 படிகள், வழுக்கும் தரை ஓடு, உள்ளங்கைக்குள் அடங்காத அகலக் கைபிடி. எப்படியோ ஏறிவிட்டார். இறங்கத்தான் முடியவில்லை. வரிசையில் நின்ற அத்தனை பேருக்கும் முன்னால், தோய்த்து மடிப்புக் குலையாமல் உடுத்தி வந்த வேட்டியோடு படியில் இருந்து, ஒவ்வொன்றாக அரைந்து இறங்கினார். தூக்கிவிட வந்த காவலாளியின் கையை விலக்கினார். பார்த்தவர்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். ஓட்டோவில் ஒரு சொல் கதைக்கவில்லை. வீட்டுப் படலையில்தான், "இனி என்னைக் கூட்டிக்கொண்டு போகாதை பிள்ளை" என்றார். அவர் நேரில் வந்தால்தான் கையெழுத்து என்பது அலுவலக விதி.

மாற்றுத்திறனாளிகளின் உரிமைகளைக் காக்கும் 1996ஆம் ஆண்டின் 28ஆம் இலக்கச் சட்டமும், பொதுக் கட்டடங்களுக்குள் அவர்கள் போய்வர வசதி வேண்டும் என்கிற 2006ஆம் ஆண்டு ஒழுங்குவிதிகளும் உங்களுக்கு நான் சொல்லித் தெரியவேண்டியவை அல்ல. ஆனால் அந்தச் சாய்தளத்தில் ஏறப்போகிற ஒருவரையாவது படம் கீறிய நாளில் கூப்பிட்டுக் கேட்டிருந்தால், அந்த அரை அடிப் படி அங்கே வந்திருக்காது.

கேட்டுக் கட்டுவது எங்கள் நாட்டுக்குப் புதிதல்ல. 1950களில் கண்டி வட்டபுலுவவில் அரச ஊழியர்களுக்கு வீட்டுத்திட்டம் அமைத்த கட்டடக்கலைஞர் மினெட் டி சில்வா, குடிவரப்போகும் குடும்பங்களுக்கு வினாக்கொத்துக் கொடுத்து, அவர்களோடு கதைத்துத்தான் வீடுகளை வடிவமைத்தார். அவ்வளவு தூரம் போவானேன்? பருத்தித்துறைத் தெருமூடிமடத்தைப் பாருங்கள். நடுவில் தெரு, இரு பக்கமும் திண்ணை, மேலே கூரை. வெயிலில் நடந்து வருகிறவனுக்கு எங்கே கால் உளையும் என்று அறிந்தவர்கள் கட்டியது.

புதுக் கட்டடத்திலோ முன்னால் நின்ற வேப்பமரத்தையும் தறித்துவிட்டார்கள். மேற்கு வெயில் முழுவதும் கண்ணாடிச் சுவரில் விழுகிறது. உள்ளே வேலை செய்கிற பிள்ளைகள் கடதாசி மட்டையை ஒட்டி மறைத்திருக்கிறார்கள். வெளியே நிற்கிற கிழவிகளுக்கு இருக்க ஒரு வாங்கு இல்லை. பெயர்க்கல்லுக்கு மட்டும் நல்ல நிழல் கிடைத்திருக்கிறது. இப்படி எத்தனை கட்டடங்களை இன்னும் திறக்கப்போகிறீர்கள்?

மன்னிக்க வேண்டும். கேட்க வந்ததைக் கேட்கிறேன். பின்பக்கம் இன்னொரு தொகுதி எழும்பப்போவதாக அறிகிறோம். அதன் வரைபடத்தில் கையொப்பமிட முன் அதைப் பொதுநோக்கு மண்டபத்தில் ஒருநாள் விரித்து வையுங்கள். செயற்கைக் கால் போட்டவர்களையும், சக்கர நாற்காலியில் வருபவர்களையும், கைக்குழந்தைக்காரிகளையும், அங்கே வேலை செய்யப்போகிறவர்களையும் கூப்பிட்டுக் கேளுங்கள். கேட்ட பிறகு கீறுங்கள்.

அதுவரைக்கும், தயவுசெய்து, கொடுப்பனவுப் பிரிவின் ஒரு மேசையையாவது கீழ்த்தளத்துக்கு இறக்கித் தாருங்கள். தை மாதம் அப்பா திரும்பவும் வரவேண்டும்.

நன்றியுடன்,
யாழ்ப்பாணத்து மகள் ஒருத்தி