‘ஆன்டிகனி’ படத்தில் பிணம் எங்கே?

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு வணக்கம்.

கனடாவின் கியூபெக் மாநிலத்தைச் சேர்ந்த சோஃபி டெராஸ்ப் இயக்கிய ‘ஆன்டிகனி’ (2019) படத்தைப் பற்றிச் சென்ற இதழில் வெளியான கட்டுரையைப் படித்தேன். தலைமைப் பாத்திரத்தில் நடித்த நாயேமா ரிச்சியை மனமாரப் பாராட்டிய கட்டுரையாளர், இறுதியில், அடக்கம் செய்யப்படாத பிணம் இல்லாத கதைக்கு இந்தப் பெயர் பொருந்தாது என்றும், இது குடியேறிகளின் கதைக்குப் போர்த்திய கிரேக்கப் போர்வை என்றும் தீர்ப்புக் கூறியிருக்கிறார். அந்தத் தீர்ப்பு மூல நாடகத்தை மேலோட்டமாக நினைவில் வைத்துக்கொண்டு எழுதப்பட்டது என்பது என் கருத்து.

கி.மு. 441 வாக்கில் கிரேக்க நாடகாசிரியர் சோஃபோக்ளிஸ் எழுதிய நாடகத்தில், தீப்ஸ் நகரத்தின் மீது படையெடுத்து வந்து மாண்ட பாலினீசஸின் உடலை யாரும் புதைக்கக்கூடாது என்று மன்னன் கிரியோன் ஆணையிடுகிறான். தங்கை ஆன்டிகனி ஆணையை மீறி மண் தூவுகிறாள். மாண்ட்ரியலில் நடக்கும் படத்திலோ, அல்ஜீரியாவின் கபில் இனத்தைச் சேர்ந்த அகதிக் குடும்பம் ஒன்றில் ஒரு சகோதரன் காவலரால் சுடப்பட்டுச் சாகிறான். இன்னொருவன் சிறைப்பட்டு, நாடு கடத்தப்படும் நிலைக்கு வருகிறான். பள்ளி மாணவியான ஆன்டிகனி முடியை வெட்டிக்கொண்டு, அவன் உருவில் தான் சிறைக்குள் இருந்துகொண்டு அவனை வெளியே அனுப்பிவிடுகிறாள். இறந்தவனுக்காக மண் தூவியவள் இங்கே உயிரோடிருப்பவனுக்காகச் சட்டத்தை மீறுகிறாள். கட்டுரையாளருக்கு உறுத்தியது இந்த மாற்றம்தான்.

நாடகம் முதலில் மேடையேறிய ஏதென்ஸ் நகரத்தின் சட்டத்தை நினைத்துப் பார்த்தால் இந்த மாற்றம் அவ்வளவு தொலைவில் இல்லை. துரோகம் செய்தவர்களை ஏதென்ஸும் அதைச் சூழ்ந்த பகுதியுமான ஆட்டிக்கா மண்ணில் புதைக்கக்கூடாது என்பது அங்கே நடப்பில் இருந்த விதி. அந்த உடல்கள் எல்லைக்கு வெளியே தள்ளப்பட்டன. ‘இந்த மண்ணில் உனக்கு இடமில்லை’ என்று ஓர் அரசு ஒருவனைப் பார்த்துச் சொல்வதுதான் அந்தத் தண்டனையின் உயிர். அதே சொல்லை உயிருள்ள ஒருவனிடம் சொன்னால் அதற்கு நாடு கடத்தல் என்று பெயர். பாலினீசஸும் நகரை விட்டு வெளியேற்றப்பட்டுத் திரும்பி வந்தவன்தானே! டெராஸ்ப் பிணத்தை எடுத்துவிடவில்லை. பிணமாகும் முன்பே அந்த ஆணையைப் பிறப்பிக்க வைத்திருக்கிறார்.

இதைவிட முக்கியமான சான்று ஆன்டிகனியின் வாயிலிருந்தே வருகிறது. நாடகத்தில், உயிரோடு அடைக்கப்படுவதற்காகக் கல்லறைக் குகைக்கு அழைத்துச் செல்லப்படும்போது அவள் தன்னை ‘மெட்டோய்கோஸ்’ என்று சொல்லிக்கொள்கிறாள். ஏதென்ஸில் குடியுரிமை இல்லாமல் தங்கி வாழ்ந்த அயலாரைக் குறித்த சட்டச் சொல் அது. வாழ்பவர்களோடும் சேராமல் இறந்தவர்களோடும் சேராமல் இரண்டு இடத்திலும் அயலாளாக நிற்கிறேன் என்று அரச குடும்பத்துப் பெண் ஒருத்தி புலம்புகிறாள். மேடையைச் சுற்றி அமர்ந்திருந்தவர்களுக்கு அந்தச் சொல் அன்றாடச் சொல். நிரந்தரமாகத் தங்கும் அனுமதி மட்டும் பெற்றுக் குடியுரிமை பெறாத ஒரு கபில் பெண்ணுக்கு அந்த வரியைக் கொடுத்தால் அதில் எந்தப் போர்வையும் இல்லை. இருபத்து நான்கு நூற்றாண்டுகளாக உருவகமாகக் கிடந்த சொல் தன் நேர்ப்பொருளுக்குத் திரும்பியிருக்கிறது, அவ்வளவுதான்.

இது வெறுங்கற்பனையும் அல்ல. 2008 ஆகஸ்டில் மாண்ட்ரியலின் வடபகுதியில் 18 வயது இளைஞர் ஒருவரைக் காவலர் சுட்டுக் கொன்றார். அந்த நிகழ்ச்சிக்குப் பிறகு, ஹொண்டுராஸில் பிறந்த அவருடைய சகோதரர் நாடு கடத்தலை எதிர்கொள்ள நேர்ந்தது. டெராஸ்புக்குக் கரு கிடைத்தது அங்கிருந்துதான். பழைய நாடகத்துக்கு இன்றைய உடை தேடியதைவிட, இன்றைய வழக்கு ஒன்றில் பழைய நாடகம் கிடந்ததைக் கண்டுகொண்டார் என்று சொல்வதே பொருத்தம். நாடகத்தில் நிகழ்வுகளைப் பார்த்துப் பாடிக் கருத்துச் சொல்லும் முதியவர் குழுவான கோரஸின் இடத்தில் அவர் சமூக ஊடகத்தை வைத்ததும் எனக்குப் பிடித்திருந்தது. சோஃபோக்ளிஸின் முதியவர்கள் காற்றடிக்கும் பக்கம் சாய்ந்தவர்கள். கைப்பேசிக் கூட்டமும் அப்படித்தான்.

இவ்வளவு சொன்ன பிறகு, படத்தில் எனக்கிருக்கும் குறையையும் சொல்லிவிட வேண்டும். கட்டுரையாளர் தேடிய இடத்தில் அது இல்லை. மூல நாடகத்தில் கடைசிவரை மேடையில் நின்று நொறுங்குபவன் கிரியோன். ‘முதலில் அந்தப் பெண்ணை விடுவி, பிறகு பிணத்தை அடக்கம் செய்’ என்று முதியவர்கள் சொல்ல, அவன் பிணத்திடம் முதலில் போகிறான். குகைக்கு வரும்போது அவள் தூக்கில் தொங்குகிறாள், அவளுக்கு நிச்சயிக்கப்பட்டிருந்த அவனுடைய மகன் ஹேமான் தன்னைத் தானே குத்திக்கொண்டு சாகிறான், செய்தி கேட்டு மனைவியும் மாய்கிறாள். இதை ஊழ் என்று சொல்லி ஒதுங்கிவிட முடியாது. வரிசை மாற்றிச் செய்த ஒரு மனிதனின் பிழை அது. அரசன் தன் பிழையைத் தானே அறிந்து சாயும் காட்சியின் கனம், ‘யானோ அரசன் யானே கள்வன்’ என்ற வரியைப் படித்து வளர்ந்த நமக்குப் புதிதல்ல.

படத்தில் கிரியோன் என்று ஒருவன் இல்லை. அவனுடைய அதிகாரம் காவலர், நீதிமன்றம், குடியேற்றத் துறை, அரசியல்வாதியான ஹேமானின் தந்தை என்று பங்கு போடப்பட்டிருக்கிறது. இன்றைய அரசு அப்படித்தான் இயங்குகிறது என்பதை மறுக்கமாட்டேன். ஆணையிட்டவர் யார் என்று கேட்டால் ஒரு கோப்பைத்தான் காட்டுவார்கள். ஆனால் கோப்புக்குக் குற்ற உணர்ச்சி கிடையாது. அந்தத் தந்தை அவளுக்கு ஓரளவு இரக்கம் காட்டுகிறார், எதையும் இழப்பதில்லை. மூலத்தில் ஆன்டிகனியும் ஹேமானும் மேடையில் ஒருமுறைகூடச் சந்திப்பதில்லை. படம் அவர்களுடைய காதலுக்குத் தாராளமாக நேரம் ஒதுக்குகிறது. அந்த நேரத்தில் பாதியையாவது அந்தத் தந்தைக்குக் கொடுத்திருக்கலாம். மகனின் உடலை ஏந்திவரும் கிரியோனுக்குரிய இடம் படத்தின் கடைசிப் பகுதியில் காலியாகவே கிடக்கிறது.

கட்டுரையாளர் இந்தக் காலியிடத்தைச் சுட்டியிருந்தால், நான் இந்தக் கடிதத்தை எழுதியிருக்கவே மாட்டேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்,
தஞ்சாவூர்