பவுலடியார் பாடத்துக்குக் கைகொடுத்தவர்களுக்கு நன்றி மடல்

ஆண்டவருக்குள் அன்பானவர்களே, தோத்திரம்.

ஜனவரி 25, பவுலடியார் மனந்திரும்பிய திருநாள். அதை முன்னிட்டு ஓய்வுநாள் பாடசாலை ஆசிரியர்களுக்காகத் தொகுத்த பாடம் இப்போது சபைகளுக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது. உதவியவர்கள் அத்தனை பேரும் தங்கள் பெயரைப் போட வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். எனவே யார் என்பதை விட்டுவிட்டு, யாருடைய உதவி பாடத்தின் எந்த இடத்தைத் திருத்தமாக்கியது என்று சொல்லியே நன்றி கூறுகிறோம். வகுப்பு எடுக்கப் போகிறவர்களுக்கும் அது பயன்படும்.

முதல் நன்றி எபிரெயம் கற்பிக்கும் ஐயாவுக்கு. பவுலின் பழைய வாழ்வை, சபையைத் துன்பப்படுத்தப் போன வழியில் வெளிச்சமும் இயேசுவின் சத்தமும் அவரை நிறுத்திய தமஸ்கு சாலையில் தொடங்காதீர்கள், பிலிப்பியர் 3:5, 6-ல் தொடங்குங்கள் என்று வழிகாட்டியவர் அவர். அங்கே பவுல் தம்மைப் பற்றி ஏழு காரியங்களை அடுக்குகிறார்: எட்டாம் நாள் விருத்தசேதனம், இஸ்ரவேல் வம்சம், பென்யமீன் கோத்திரம், எபிரெயருக்குப் பிறந்த எபிரெயர், நியாயப்பிரமாணத்தில் பரிசேயர், வைராக்கியத்தில் சபையைத் துன்பப்படுத்தியவர், நீதியில் குற்றமற்றவர். முதல் நான்கும் பிறப்போடு வந்தவை, பின் மூன்றும் அவரே தேடிக்கொண்டவை. இந்தப் பிரிவைக் கரும்பலகையில் ஒரு கோடு போட்டுக் காட்டினால் போதும், பிள்ளைகளுக்குப் பாதிப் பின்னணி விளங்கிவிடும்.

கடைசிச் சொல்லான 'குற்றமற்றவர்' என்பதில்தான் பல வகுப்புகள் தடம் புரள்கின்றன. சவுல் (பவுலின் எபிரெயப் பெயர்) குற்ற உணர்வில் வெந்துகொண்டிருந்தார், நிம்மதியைத் தேடி அலைந்தார் என்று கதை கட்டிவிடுகிறோம். அவருடைய கடிதங்களில் தம் பழைய நாட்களைப் பற்றிப் பேசும் இடங்களில் அந்தத் தவிப்பு இல்லை. தம் வயதுக்காரர் பலரையும்விட யூத மார்க்கத்தில் முன்னேறியதாகவே கலாத்தியர் 1:14 சொல்கிறது. நன்மை செய்ய விரும்பியும் முடியவில்லையே என்று புலம்பும் ரோமர் 7-ஐக் கொண்டுவந்து இங்கே ஒட்ட வேண்டாம். நல்ல மாணவர், தம்மேல் நம்பிக்கை உள்ளவர், செய்வது தேவ ஊழியமே என்று உறுதியாக நம்பியவர். அப்படிப்பட்டவரைத்தான் ஆண்டவர் வழியில் நிறுத்தினார்.

பரிசேயர் என்றாலே மாயக்காரர் என்று சொல்லிப் பழகிய எங்கள் நாக்கைத் திருத்தியவரும் அதே ஐயாதான். ஏரோதின் காலத்தில் அவர்கள் 6,000 பேருக்கு மேல் இருந்ததாக முதல் நூற்றாண்டு யூத வரலாற்றாசிரியர் யோசேபு (ஜொசீபஸ்) எழுதியிருக்கிறார். எழுதப்பட்ட நியாயப்பிரமாணத்தோடு முன்னோரின் வாய்மொழி மரபையும் கைக்கொண்டவர்கள் அவர்கள். உயிர்த்தெழுதல், தேவதூதர், ஆவி எல்லாவற்றையும் நம்பினார்கள். இன்னொரு யூதப் பிரிவினரான சதுசேயர் இவற்றை நம்பவில்லை (அப்போஸ்தலர் 23:8). மரித்தோர் எழும்புவார்கள் என்பது சவுலுக்குப் புதிய செய்தியே இல்லை. எல்லோரும் எழும்பும் கடைசி நாளுக்கு முன்பே ஒருவர் எழுந்துவிட்டார், அதுவும் சிலுவையில் செத்தவர் எழுந்துவிட்டார் என்பதுதான் அவரால் ஏற்க முடியாததாக இருந்தது. மரத்தில் தூக்கப்பட்டவன் தேவனால் சபிக்கப்பட்டவன் என்று உபாகமம் 21:23 சொல்கிறது. சபிக்கப்பட்ட ஒருவரை மேசியா என்பது அவர் காதில் தேவதூஷணமாகவே விழுந்திருக்கும். பின்னாளில் கலாத்தியர் 3:13-ல் அதே வசனத்தை எடுத்து, அந்தச் சாபம் நமக்காக என்று எழுதியவரும் அவரே. ஆசிரியர்கள் இந்த இரண்டு வசனங்களையும் ஒரே வகுப்பில் வாசிக்க வைக்க வேண்டும். பிரித்துவிட்டால் அவர் ஏன் துன்பப்படுத்தினார் என்பது வெறும் கோபக்காரர் கதையாகிவிடும்.

வைராக்கியம் பற்றிய பகுதிக்காகக் கத்தோலிக்க நண்பரான ஃபாதருக்கு நன்றி. எங்கள் வேதாகமத்தில் இல்லாத மக்கபேயர் முதல் நூலின் 2-ம் அதிகாரத்தைப் படித்துக்காட்டி விளக்கினார். கி.மு. 167 வாக்கில் மோதயின் ஊரில், அரசன் கட்டளைப்படி அந்நிய பலி செலுத்த வந்த யூதரையும் அரசு அதிகாரியையும் மத்தத்தியா என்ற ஆசாரியர் வெட்டிப்போடுகிறார். அதைப் பினெகாஸ் செய்ததோடு அந்த நூல் ஒப்பிடுகிறது. எண்ணாகமம் 25-ல், அந்நியப் பெண்ணோடு பாவம் செய்த இஸ்ரவேலனை ஈட்டியால் குத்திய பினெகாஸ்தான் அது. அந்தச் செயல் அவனுக்கு நீதியாக எண்ணப்பட்டது என்று சங்கீதம் 106:31 சொல்கிறது. பாகாலின் தீர்க்கதரிசிகளை வெட்டிய எலியாவும் ஓரேபில் நின்று தம் பக்தி வைராக்கியத்தைத்தான் சொல்கிறார். ஆக, சவுல் தம் கையிலிருந்த வேதத்திலேயே தமக்கு முன்மாதிரிகளைக் கண்டிருந்தார். ஜனத்தின் பரிசுத்தத்தைக் காக்க அடிக்கவும் கட்டவும் செய்யலாம் என்று அவர் நினைத்தது அந்த வரிசையிலிருந்துதான்.

அவர் ஆசான் கமாலியேலோ வேறு மாதிரி. அப்போஸ்தலரின் செயல் மனுஷரால் வந்ததானால் தானே ஒழிந்துபோகும், விட்டுவிடுங்கள் என்று யூத ஆலோசனைச் சங்கத்தில் பேசியவர் (அப்போஸ்தலர் 5:38, 39). கமாலியேல்தான் சவுலுக்கு வன்முறையைக் கற்றுக்கொடுத்தார் என்று யாரும் வகுப்பில் சொல்லிவிட வேண்டாம்.

சபையின் முதல் இரத்தசாட்சியான ஸ்தேவானின் கொலையில் சவுல் கல்லெறிந்தார் என்று சொல்வதும் வழக்கமாகிவிட்டது. வேதம் அப்படிச் சொல்லவில்லை. உபாகமம் 17:7-ன்படி முதல் கல் எறிய வேண்டியவர்கள் சாட்சிகள். அவர்கள் மேல்வஸ்திரங்களைக் கழற்றி அவர் காலருகே வைத்தார்கள், அவர் அந்தக் கொலைக்குச் சம்மதித்திருந்தார். அந்த அளவோடு நிறுத்திக்கொள்ளலாம்.

தமஸ்கு வழியில் நடந்ததைச் சொல்லும் அப்போஸ்தலர் 9, 22, 26 அதிகாரங்களை மூன்று பத்தியாகப் பிரித்துப் பக்கத்தில் பக்கத்தில் எழுதிக் கொடுத்த அக்காவுக்கு நாங்கள் பெரிய கடன்பட்டிருக்கிறோம். பாடத்தில் ஆசிரியர்கள் அதிகம் புரட்டுகிற பக்கம் அதுவாகத்தான் இருக்கும். 9:7-ல் கூட வந்தவர்கள் சத்தத்தைக் கேட்டு, ஒருவரையும் காணாமல் நிற்கிறார்கள். 22:9-ல் வெளிச்சத்தைக் காண்கிறார்கள், பேசினவருடைய சத்தத்தைக் கேட்கவில்லை. 26:14-ல் எல்லோருமே தரையில் விழுகிறார்கள். 9-லும் 22-லும் வருகிற, சவுலுக்கு மறுபடி பார்வை வரச் செய்த தமஸ்கு சீஷர் அனனியா 26-ல் இல்லவே இல்லை. இந்த வித்தியாசங்களை மூடி மறைக்காமல், பவுல் யாருக்கு முன்னால் பேசுகிறார் என்று பார்க்கச் சொன்னார் அக்கா. 22-ல் கோட்டைப் படிக்கட்டில் நின்று எருசலேம் யூதர்களிடம் பேசுகிறார். அங்கே அனனியா வேதப்பிரமாணத்தின்படி பக்தியுள்ளவர், யூதர் எல்லோராலும் நல்லவரென்று பெயர் பெற்றவர். 26-ல் கேட்பவர்கள் அகிரிப்பா ராஜாவும் ரோம அதிபதி பெஸ்துவும். அங்கே ஊழிய அழைப்பே நேராகக் கர்த்தர் வாயிலிருந்து வருகிறது.

ஆனால் வகுப்பில் இந்த மூன்றையும் முதலில் எடுக்கக் கூடாது. வரிசை இதுதான்: கலாத்தியர் 1:11-24, பிலிப்பியர் 3:4-9, 1 கொரிந்தியர் 15:8-10, அதன் பிறகே அப்போஸ்தலர். முதல் மூன்றும் பவுலே எழுதியவை. அப்போஸ்தலர் நூலை எழுதிய லூக்காவின் விறுவிறுப்பான கதையை முதலில் சொல்லிவிட்டால், கடிதத்தின் ஒவ்வொரு வரியிலும் பிள்ளைகள் வெளிச்சத்தையும் குருட்டுக் கண்ணையும் தேடுவார்கள். கடிதங்களில் அவை இல்லை. தாயின் வயிற்றிலிருந்தே பிரித்தெடுத்தவர் தம் குமாரனை எனக்குள் வெளிப்படுத்தினார் என்பதே அங்கே இருக்கிறது. ஏசாயா 49:1, எரேமியா 1:5 இரண்டும் அந்த வாக்கியத்துக்குள் ஒலிக்கின்றன. ஒரு மதத்தை விட்டு இன்னொன்றுக்குப் போனதாக அவர் எழுதவில்லை, தீர்க்கதரிசிக்கு வரும் அழைப்பாகவே எழுதுகிறார்.

வருடக் கணக்கைப் போட்டுக் கொடுத்த வரலாற்று ஆசிரியர் அண்ணனுக்கு அடுத்த நன்றி. பவுலின் வாழ்வில் உறுதியாக நிற்கும் இரண்டு ஆணிகளை அவர் காட்டினார். ஒன்று, கிரேக்க நாட்டு டெல்பியில் கிடைத்த கல்வெட்டுத் துண்டுகள். ரோமப் பேரரசர் கிலவுதியு ராயன் பெயரோடு கல்லியோன் பெயரும் அதில் வருவதால், கல்லியோன் கொரிந்து அடங்கிய அகாயா மாகாணத்தின் அதிபதியாக இருந்தது கி.பி. 51-52 என்று தெரிகிறது. பவுல் கொரிந்துவில் அவர் முன் நின்றார் (அப்போஸ்தலர் 18:12). இரண்டாவது, நபாத்தேய அரசன் அரேத்தா கி.பி. 40-ல் இறந்தது. அவனுடைய அதிகாரி தமஸ்குவில் காவல் வைத்தபோதுதான் பவுலைக் கூடையில் வைத்து மதில் வழியாக இறக்கினார்கள் (2 கொரிந்தியர் 11:32, 33). ஆகவே அது 40-க்குப் பிந்தியதாக இருக்க முடியாது. அதற்கு முன் மூன்று வருடம் என்று கலாத்தியர் 1:18 சொல்வதைக் கழித்தால், அழைப்பு 37-ஐத் தாண்டாது. கலாத்தியர் 2:1-ன் பதினான்கு வருடத்தையும், அப்போஸ்தலர் 15 சொல்லும் எருசலேம் கூட்டத்திலிருந்து பின்னோக்கி எண்ணினால் 32-க்கும் 36-க்கும் இடையில் வந்து நிற்கிறது. இங்கே சறுக்குகிற இடம் ஒன்று உண்டு. அந்தக் கால எண்ணிக்கையில் தொடக்க வருடத்தின் துண்டும் முடிவு வருடத்தின் துண்டும் முழு வருடமாகவே கணக்கில் வரும். 'மூன்று வருடம்' என்பது இரண்டு வருடமும் சில மாதங்களுமாகக்கூட இருக்கலாம். அதனால் ஒரே ஒரு வருடத்தைச் சொல்லி மனப்பாடம் செய்ய வைக்க வேண்டாம்.

அந்த மூன்று வருடத்துக்குள் அரபி தேசப் பயணமும் அடங்கும். எலியா ஓரேபுக்குப் போனதும், அங்கிருந்து தமஸ்குவின் வனாந்தரத்துக்குத் திரும்பு என்று கட்டளை பெற்றதும் (1 இராஜாக்கள் 19:15), பவுல் அரபிக்குப் போய்த் தமஸ்குவுக்குத் திரும்பியதும் ஒரே தடத்தில் இருப்பதாகச் சில அறிஞர்கள் சொல்கிறார்கள். எங்களுக்கு அது பிடித்த விளக்கம். ஆனாலும் விளக்கம் என்று சொல்லித்தான் பாடத்தில் சேர்த்திருக்கிறோம்.

ஆட்டுமயிர் நெசவைப் பற்றிச் சொல்லிக்கொடுத்த நெசவாளர் ஐயாவை மறக்க முடியாது. பவுல் பிறந்த தர்சு இருக்கும் சிலிசியா ஆட்டுமயிர்த் துணிக்குப் பேர்போன நாடு. வெயிலில் இழைகளுக்கு நடுவே காற்று போகும், மழை பட்டதும் மயிர் ஊறித் தடித்து இடைவெளியை அடைத்துக்கொள்ளும் என்று அவர் காட்டியபோதுதான் கூடாரத்துக்கு ஏன் அந்தத் துணி என்பது புரிந்தது. பவுல் தைத்தது மயிர்த்துணியா தோலா என்பதில் அறிஞர்கள் இரண்டு பக்கம் நிற்கிறார்கள். எதுவானாலும் கத்தி, ஊசி, துளையிடும் குத்தூசி இருந்தால் எந்த ஊரிலும் வேலை கிடைக்கும். கூடாரம் செய்தவர் என்றதும் ஏழை வீட்டுப் பிள்ளை என்று முடிவுகட்ட வேண்டாம். மகனுக்குக் கைத்தொழில் கற்றுக்கொடுப்பது யூதத் தகப்பனின் கடமை. அவரோ பிறப்பிலேயே ரோமக் குடியுரிமை உள்ளவர் (அப்போஸ்தலர் 22:28).

தமஸ்குவுக்குப் பின்னும் அவர் யூதராகவே வாழ்ந்தார் என்பதை ஒரே வசனத்தில் காட்டிய பேராசிரியர் அம்மாவுக்கு நன்றி. யூதர்களால் ஒன்றுகுறைய நாற்பது அடி, ஐந்து தரம் (2 கொரிந்தியர் 11:24). உபாகமம் 25:3 நாற்பதுக்கு மேல் போகக் கூடாது என்கிறது. எண்ணிக்கை தவறிவிடாதபடி 39-ல் நிறுத்துவார்கள். கி.பி. 200 வாக்கில் தொகுக்கப்பட்ட யூத வாய்மொழிச் சட்ட நூலான மிஷ்னா அதை விவரிக்கிறது: கன்றுத்தோல் வார், மூன்றில் ஒரு பங்கு மார்பில், இரண்டு பங்கு முதுகில். கணக்குப் போட்டால் 13-ம் 26-ம். இது ஜெப ஆலயம் தன் ஆட்களுக்குக் கொடுக்கும் தண்டனை. ஜெப ஆலயத்தை உதறிவிட்டுப் போனவர் இந்த அடிக்கு முதுகைக் கொடுக்க வேண்டியதில்லை. ஐந்து தரம் வாங்கியவர் ஐந்து தரமும் திரும்பி உள்ளே போயிருக்கிறார். வயதான பிறகு சங்கத்துக்கு முன் நின்று 'நான் பரிசேயன்' என்று சொல்கிறார் (அப்போஸ்தலர் 23:6). 'பரிசேயனாக இருந்தேன்' என்று சொல்லவில்லை.

படம் வரைந்து கொடுத்த தம்பி குதிரையை வரையாமல் விட்டதற்குத் தனியாக ஒரு நன்றி. இத்தாலிய ஓவியர் கரவாஜ்ஜோ 1601 வாக்கில் தீட்டிய ஓவியத்தில் சவுல் குதிரையின் காலடியில் கிடப்பார். வேதத்தில் குதிரை எங்கும் இல்லை. கையைப் பிடித்து நடத்திக்கொண்டுதான் போனார்கள். எருசலேமிலிருந்து தமஸ்கு சுமார் 220 கிலோமீட்டர், கால்நடையாக ஆறேழு நாள் என்று அவர் வரைபடத்தின் ஓரத்திலேயே குறித்திருக்கிறார். படத்தின் அடியில் 'சவுல்' என்றே எழுதியிருப்பதும் சரிதான். அந்த வழியில் பெயர் மாறவில்லை. பவுல் என்னப்பட்ட சவுல் என்று முதலில் வருவது அப்போஸ்தலர் 13:9-ல், சீப்புரு தீவின் பாப்போ பட்டணத்தில்.

மெய்ப்புப் பார்த்த அக்காமார்களுக்கும், சொன்ன நாளில் அச்சடித்துக் கொடுத்த அச்சகத்தாருக்கும், தமஸ்குவின் நேர்த்தெருவு யூதா வீட்டில் மூன்று நாள் சாப்பிடாமல் இருந்த சவுல் ஞானஸ்நானத்துக்கு முன் சாப்பிட்டாரா பின் சாப்பிட்டாரா என்று கேட்ட பத்து வயதுப் பிள்ளைக்கும் நன்றி. பின்புதான், அப்போஸ்தலர் 9:18, 19 பார்க்கவும்.

அடுத்த பாடம் பர்னபா. எருசலேமில் எல்லோரும் பயந்து ஒதுங்கியபோது சவுலை அப்போஸ்தலரிடம் அழைத்துப்போனவர் அவர். பிறகு தர்சுவரை தேடிப்போய் அந்தியோகியாவுக்குக் கூட்டிவந்தவரும் அவரே. சீப்புரு தீவையும் அந்தியோகியாவையும் பற்றி நன்றாகப் படித்தவர்கள் யாராவது இருந்தால் எங்களுக்குத் தெரியப்படுத்துங்கள்.

ஊழியத்தில் உங்கள்,
வேதபாடத் தொகுப்புக் குழுவினர்